மேல் விளிம்பில் தெரிந்த சிலை

மதுரை சித்திரைத் திருவிழாவில், ஊருக்குள் வரும் அழகரை மக்கள் எதிர்கொண்டு வரவேற்கும் கள்ளழகர் எதிர்சேவை பற்றிய ஆவணப்படம் ஒன்றுக்காகப் பழைய காட்சிகளைத் தேடியபோது, சிம்மக்கல் பக்கம் முன்பு கல்யாண வீடியோ எடுத்துவந்த ஒருவரின் வீட்டிலிருந்து வி.எச்.எஸ். கேசட் ஒன்று கிடைத்தது. அதன் முதுகில் 'அழகர் 1979' என்று எழுதியிருந்தது. படத்தொகுப்பாளருக்கு இது பெரிய நிம்மதி. பெரும்பாலான கேசட்டுகளில் 'திருவிழா' என்பதற்கு மேல் ஒன்றும் இருக்காது.

நாடாவில் பூஞ்சை பிடித்திருந்தது. அப்படியே ஓட்டினால் அது பிளேயரில் நாடாவைப் படிக்கும் ஹெட்டில் ஒட்டி அடுத்த கேசட்டையும் கெடுக்கும் என்பதால், துடைத்த பிறகே கணினியில் ஏற்றினோம்.

பழைய படத்தின் அகல-உயர விகிதம் 4:3, இன்றைய திரையினது 16:9. இருபுறமும் கறுப்புப் பட்டை விட வேண்டும், இல்லையேல் மேலும் கீழும் வெட்டிப் பெரிதாக்க வேண்டும்; வெட்டினால் படத்தில் கால் பங்கு போய்விடும். ஆவணப்படத்தை ஒளிபரப்பவிருக்கும் அலைவரிசையினர் பட்டையே கூடாது என்றனர். எதை இழக்கப்போகிறோம் என்று ஷாட் ஷாட்டாகப் பார்த்தபோதுதான், தல்லாகுளத்துக் கூட்டத்துக்குப் பின்னால், மேல் விளிம்பை ஒட்டித் தமுக்கம் மைதானத்துத் தமிழன்னை சிலை தெரிந்தது. அது 1981 ஜனவரியில் மதுரையில் நடந்த ஐந்தாம் உலகத் தமிழ் மாநாட்டை ஒட்டி எழுந்த சிலை. 1979 சித்திரையில் அங்கே நின்றிருக்க முடியாது. வெட்டியிருந்தால் முதலில் போயிருப்பது அந்த மேல் விளிம்புதான்.

ஃபிலிமில் எடுத்துப் பின்னர் நாடாவுக்கு மாற்றிய படமோ என்ற ஐயமும் இருந்தது. வீடியோவில் நொடிக்கு 25 சட்டகங்கள், ஒவ்வொன்றிலும் இரண்டு அரைப்படங்கள். வீடியோ கேமராவில் எடுத்ததென்றால் அந்த இரண்டுக்குமிடையே அசைவு சற்று நகர்ந்திருக்கும். விசிறி வீசும் ஒருவரின் கையை அரைப்படம் அரைப்படமாக நகர்த்திப் பார்த்தேன். ஒவ்வொன்றிலும் கை வேறிடத்தில் இருந்தது. ஆக, முதலிலேயே வீடியோவில் எடுத்ததுதான்.

ஆண்டைக் கண்டுபிடிக்க மதுரைக்காரர்களுக்கென்றே ஒரு வழி இருக்கிறது. அழகர் ஆற்றில் இறங்கும்போது உடுத்தும் பட்டின் நிறம் ஆண்டுக்கு ஆண்டு மாறலாம், மறுநாள் நாளிதழில் அது செய்தியாகவும் வரும். வி.எச்.எஸ்.ஸில் நிறத்தை அப்படியே நம்பக் கூடாது. பக்கத்தில் நின்றவரின் வேட்டி வெள்ளையாகத் தெரியும் வரை திருத்திய பிறகும் பட்டு பச்சையாகவே இருந்தது. ஆனால் பச்சைப் பட்டு உடுத்திய ஆண்டு ஒன்றா இரண்டா?

இந்தியச் சட்டப்படி திரைப்படப் பதிவுக்கு 60 ஆண்டு காப்புரிமை உண்டு என்பதால், மறைந்துவிட்ட அந்த ஒளிப்பதிவாளரின் மனைவியிடம் அனுமதிக் கடிதம் வாங்கப் போனேன். கேசட்டில் இருந்த 1979 என்பது தன் கணவரின் கையெழுத்தே இல்லை என்றார் அந்த அம்மா. எந்த வருடம் எடுத்தது என்று கேட்டதற்கு, "மூத்தவன் பால்வாடிக்குப் போன வருசம், தம்பி" என்றார். மகன் பிறந்தது 1982.

படத்தை வெட்டாமல், கறுப்புப் பட்டைகளோடே விட்டிருக்கிறேன்; அலைவரிசையினருடன் பேச்சு இன்னும் முடியவில்லை. அடுத்த வாரம் நூலகத்தில் 1985, 1986 சித்திரை மாத நாளிதழ்களைப் புரட்ட வேண்டும்.