20 வருடக் கடன் 30 வருடமானதும், அதைத் திரும்ப இழுத்ததும்

2021 டிசம்பரில் சென்னைக்குப் பக்கத்தில் ஊரப்பாக்கத்தில் ஒரு பழைய ஃபிளாட் வாங்கினோம். விலை 52 லட்சம், வங்கிக் கடன் 40 லட்சம். ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கொடுக்கும் கடனின் வட்டி) 4 சதவீதமாக இருந்த காலம் அது. அதன் மேல் வங்கி தன் பங்குக்கு 2.70 சேர்த்து, வட்டி 6.70 என்றார்கள். 20 வருடம், மாதத் தவணை (இஎம்ஐ) 30,296 ரூபாய். வீட்டுக் கடன் இவ்வளவு மலிவாக இனிமேல் கிடைக்காது என்று எல்லோரும் சொன்னார்கள். அது உண்மைதான், ஆனால் அந்த 6.70 ஆறே மாதத்தில் போய்விட்டது.

கடனுக்கு முன்னால் நடந்த செலவைச் சீக்கிரம் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது ஒரே அடியாக வலித்துவிட்டு முடிந்துவிடும். நாங்கள் வாங்கியபோது தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம். 52 லட்சத்துக்கு 11 சதவீதம் என்றால் 5,72,000. (2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணத்தை 2 சதவீதமாகக் குறைத்தார்கள். ஆனால் கூடவே அரசு இடத்துக்கு நிர்ணயிக்கும் வழிகாட்டி மதிப்பு ஏறியது.) இந்தப் பணத்துக்கு வங்கி கடன் தராது. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் உச்சம் என்பது ரிசர்வ் வங்கி விதி, அந்த மதிப்பில் பதிவுச் செலவைச் சேர்க்கவும் மாட்டார்கள். ஆக கையிலிருந்து 12 லட்சம், பதிவுக்கு 5.72 லட்சம், அதன் பிறகு பிராசசிங் ஃபீஸ், அதற்கு 18 சதவீத ஜிஎஸ்டி, வக்கீலின் லீகல் ஒபீனியன், எம்.ஓ.டி. (பத்திரத்தை வங்கியில் அடமானம் வைத்ததற்கான ஆவணம்) பதிவு, பத்திரம் எழுதுபவர், புரோக்கர். என் பி.எஃப். பணம் போதாமல் மனைவியின் நகையை அடகு வைத்தோம். வீட்டுக் கடனுக்கு 6.70 என்று பெருமைப்பட்டுக்கொண்டிருந்தபோது இந்தப் பக்கம் நகைக் கடன் அதைவிடக் கூடுதல் வட்டியில் ஓடிக்கொண்டிருந்தது. வீட்டின் விலையைக் கணக்குப் போடுபவர்கள் இந்த நகைக் கடனை ஏனோ தனிக் கணக்கில் வைத்துவிடுகிறார்கள்.

கையெழுத்துப் போடும் நாளில், கடன் வாங்கியவர் இறந்தால் கடனை அடைக்கும் காப்பீட்டுக்கான படிவத்தையும் நீட்டினார்கள். "எல்லாரும் போடுறாங்க சார், பிரீமியத்தையும் லோன்லயே சேர்த்துடலாம், கையிலேர்ந்து ஒண்ணும் தர வேண்டாம்." வீட்டுக் கடனுக்கு அந்தக் காப்பீடு சட்டக் கட்டாயம் இல்லை. கடனில் சேர்த்த ஒரு லட்சம் ரூபாய் பிரீமியத்துக்கு, அன்றைய 6.70 வட்டியிலேயே 20 வருடத்தில் 1.82 லட்சம் கட்டியிருப்போம். வேண்டாம் என்று சொல்லிவிட்டுத் தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுத்தேன். குடும்பத்துக்குப் பாதுகாப்பு கட்டாயம் வேண்டும், அதைக் கடனுக்குள் புதைத்து வாங்க வேண்டியதில்லை என்பது என் கட்சி.

இனி முக்கியமான சங்கதி. முதல் மாத இஎம்ஐயான 30,296-இல் வட்டிக்குப் போனது 22,333, அசலில் கழிந்தது 7,963. ஆரம்பத்தில் எல்லாக் கடனும் இப்படித்தான் இருக்கும். பாக்கி பெரிதாக இருக்கும்வரை வட்டி பெரும்பகுதியைத் தின்னும், போகப்போக அசலின் பங்கு கூடும். 20 வருடமும் அதே 6.70 நீடித்திருந்தால் மொத்த வட்டி 32.7 லட்சம் ஆகியிருக்கும். 40 வாங்கி 72.7 கட்டுவது. அதைத் தெரிந்துதான் வாங்கினோம்.

2022 மே மாதம் ரிசர்வ் வங்கி ரெப்போவை ஏற்றத் தொடங்கியது. 4-லிருந்து 4.40, பிறகு 4.90, 5.40, 5.90, 6.25, கடைசியாக 2023 பிப்ரவரியில் 6.50. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டவை, எனவே ஏற்றம் அப்படியே நம் தலையில் இறங்கும். எனக்கு மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி மாறும். 2022 ஜூலையில் 7.60, அக்டோபரில் 8.60, 2023 ஜனவரியில் 8.95, ஏப்ரலில் 9.20.

ஒவ்வொரு முறையும் ஒரு எஸ்எம்எஸ் வரும்: உங்கள் வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது. ஆனால் ஜூலையில் சம்பளக் கணக்கிலிருந்து போன தொகை பழைய தொகைதான். அக்டோபரில் சுமார் 400 ரூபாய் கூடியது, ஜனவரியில் ஏறக்குறைய ஆயிரம், ஏப்ரலில் 700. வட்டி இரண்டரை சதவீதம் ஏறியும் மாதத்துக்கு 2,100 ரூபாய்தான் கூடியிருக்கிறது, சமாளித்துவிடலாம் என்று வீட்டில் பேசிக்கொண்டோம். "ஏங்க, அவ்வளவு வட்டி ஏறியும் இவ்வளவுதானா கூடியிருக்கு?" என்று என் மனைவி கேட்டாள். அவள் பள்ளியில் கணக்கு டீச்சர். அந்தக் கேள்விக்குப் பிறகுதான் தவணை அட்டவணையைத் தேடிப் போனோம்.

நெட் பேங்கிங்கில் கிடைத்தது வரவு செலவு ஸ்டேட்மென்ட் மட்டும். இன்னும் எத்தனை தவணை மிச்சம் என்பது அதில் இல்லை. கிளையில் கேட்டால் லோன் பிராசசிங் சென்டரைக் கைகாட்டினார்கள், அங்கே கேட்டால் கிளை மூலமாக எழுதிக் கேளுங்கள் என்றார்கள். எழுதிக் கொடுத்து, சில வாரம் கழித்து அட்டவணை கைக்கு வந்தது. கடைசித் தவணை 2051 டிசம்பர் என்று அதில் இருந்தது. நாங்கள் கையெழுத்துப் போட்டபோது அது 2041.

நடந்தது இதுதான். வட்டி ஏறும்போது வங்கிக்கு இரண்டு வழி: இஎம்ஐயைக் கூட்டலாம், அல்லது காலத்தை நீட்டலாம். எங்களைக் கேட்காமலே நீட்டியிருந்தார்கள். ஜூலையில் 20 வருடம் இருபத்து மூன்றரையைத் தாண்டியது. அக்டோபரில் வங்கியின் உச்சவரம்பான 30 வருடத்தைத் தொட்டது. அதற்கு மேல் நீட்ட முடியாததால்தான் இஎம்ஐயைத் தொட்டார்கள். ஏப்ரலில் பழைய 30,296 மட்டுமே கட்டியிருந்தால் வட்டிக்கு 30,060 போய், அசலில் 236 ரூபாய் கழிந்திருக்கும். அந்த வேகத்தில் கடன் அடைய அரை நூற்றாண்டுக்கும் மேல் ஆகும். ஓட்டைக் குடத்தில் தண்ணீர் பிடிப்பதுபோல.

2023 முடிவில் என் மனைவி கணக்கை எக்செல்லில் போட்டாள். இரண்டு வருடத்தில் கட்டியது சுமார் ஏழரை லட்சம். அசலில் குறைந்தது ஒரு லட்சம். பாக்கி 39 லட்சம். 9.20 வட்டியிலேயே 2051 வரை மாதம் 32,400 கட்டிக்கொண்டு போனால் இன்னும் கட்ட வேண்டியது ஒரு கோடியே எட்டே முக்கால் லட்சம். அதே பாக்கியைப் பழையபடி 2041-இல் முடிக்க வேண்டுமென்றால் மாதம் 37,000, மொத்தம் 80 லட்சம். மாதத்துக்கு 4,600 ரூபாய் வித்தியாசம், முடிவில் கிட்டத்தட்ட 29 லட்சம் வித்தியாசம். 6.70-ஆ 6.80-ஆ என்று வங்கி வங்கியாக ஏறி இறங்கிப் பேரம் பேசினோமே, அந்தப் பத்துக் காசு வட்டியெல்லாம் இதன் பக்கத்தில் நிற்கவே முடியாது.

அலுவலகத்தில் ஒரு நண்பர் மறுத்தார். "29 லட்சம்னு சொல்றது 2045-லயும் 2050-லயும் கட்டப்போற காசு. அன்னைக்கு அதோட மதிப்பு என்ன? அந்த 4,600-ஐ மாசாமாசம் மியூச்சுவல் ஃபண்ட் எஸ்ஐபில போடு." வாதத்தில் நியாயம் இருக்கிறது. 2050-இன் ரூபாயை இன்றைய ரூபாயோடு அப்படியே கூட்டக் கூடாதுதான். ஆனால் கடனில் போடும் பணம் 9.20 சதவீதத்தை நிச்சயமாக, வரியில்லாமல் மிச்சப்படுத்துகிறது. சந்தையில் அதைவிடக் கூடுதலாக வரலாம், வராமலும் போகலாம். எனக்கு 54 வயதில் கடன் முடிவதற்கும் 64 வயதில் முடிவதற்கும் நடுவே ஓய்வு பெறும் நாள் இருக்கிறது. சம்பளம் நின்ற பிறகு இஎம்ஐ கட்ட எனக்கு மனமில்லை. அவருக்கு வேறு மாதிரித் தோன்றினால் அதுவும் சரிதான்.

வரிச்சலுகை என்று இன்னொரு ஆறுதல் சொல்வார்கள். பழைய வரி முறையில், நாம் குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் வருடம் 2 லட்சம் வரைதான் கழிக்கலாம். 2023-இல் நாங்கள் கட்டிய வட்டி மூன்றரை லட்சத்தைத் தாண்டியது. 20 சதவீத வரம்பில் இருப்பவருக்கு அந்த 2 லட்சத்தால் மிஞ்சுவது, செஸ் உட்பட, 41,600. புதிய முறைக்கு மாறிவிட்டால் அதுவும் கிடையாது. "வரிக்காக லோனை நீட்டி வைங்க" என்று யாராவது சொன்னால் இந்தக் கணக்கை அவரிடம் காட்டுங்கள்.

காலத்தைத் திரும்பக் குறைக்கும் வேலைக்கு ரிசர்வ் வங்கியின் சுற்றறிக்கை கைகொடுத்தது. 2023 ஆகஸ்ட் 18 தேதியிட்டது. மாறும் வட்டிக் கடனில் வட்டி மாறும்போது இஎம்ஐயைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்குத் தரப்பட வேண்டும், இதுவரை பிடித்த அசல், வட்டி, மிச்சத் தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் ஸ்டேட்மென்ட் காலாண்டுதோறும் கிடைக்க வேண்டும் என்று அதில் இருக்கிறது. பழைய கடன்களுக்கும் அந்த வருட இறுதிக்குள் இது அமலாக வேண்டும் என்றும் சொன்னது. அச்செடுத்து, உரிய பத்தியில் கோடு போட்டு, கடிதத்தோடு இணைத்தேன்.

கிளையில் இருந்த அதிகாரி நல்ல மனிதர். "பொதுவா எல்லாரும் இஎம்ஐ கூட்டாதீங்கன்னுதான் சார் வருவாங்க, நீங்க கூட்டச் சொல்றீங்களே" என்று சிரித்தார். கடிதத்தில் இரண்டே கோரிக்கை. ஒன்று, 2041 டிசம்பரில் முடியும்படி இஎம்ஐயை மாற்றவும். இரண்டு, இனி வட்டி குறைந்தால் இஎம்ஐயைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கவும். இரண்டாவதை எழுதச் சொன்னது என் மனைவி. அன்று வட்டி குறையும் அறிகுறியே இல்லை.

இடையில் ஒரு சின்னச் சிக்கல். என் சம்பளக் கணக்கு வேறு வங்கியில். இஎம்ஐ பிடிக்க நான் கொடுத்திருந்த நாச் மேண்டேட்டில் (கணக்கிலிருந்து தானாகப் பிடிப்பதற்கான அனுமதியில்) உச்சத்தொகை 35,000 என்று இருந்தது. 37,000 பிடிக்கப் போனால் திரும்பிவிடும், அதற்கு அபராதம் வேறு. புது மேண்டேட் பதிவாகும்வரை பொறுத்து, 2024 ஜனவரித் தவணையிலிருந்து மாற்றினார்கள். இஎம்ஐ மாற்றப் போகிறவர்கள் இதை முதலில் பாருங்கள்.

போனஸ் வந்தபோது கடனில் கொஞ்சம் முன்கூட்டியே கட்டலாமா என்றும் பார்த்தோம். அந்தக் கட்டத்தில் ஒரு லட்சம் கட்டினால் கடைசியில் 13 தவணை குறையும், அதாவது 4.8 லட்சம். தனிநபருக்கான மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைக்க அபராதம் வசூலிக்கக் கூடாது, எனவே அந்தப் பயமும் இல்லை. ஆனால் நகைக் கடன் வட்டி அதிகம் என்பதால் போனஸ் முழுவதும் அதற்கே போனது. மனைவியின் வளையல் பெட்டகத்திலிருந்து வீட்டுக்கு வந்தது, வீட்டுக் கடன் அதன் பாட்டுக்கு ஓடியது.

2025-இல் ரெப்போ இறங்கத் தொடங்கியது. பிப்ரவரி, ஏப்ரல், ஜூன், டிசம்பர் என்று மொத்தம் 1.25 சதவீதம் குறைந்து 5.25-க்கு வந்தது. என் வட்டி 2026 ஜனவரியில் 7.95. இஎம்ஐ அதே 37,000. இப்போது வரும் காலாண்டு ஸ்டேட்மென்டில் மிச்சத் தவணை 164 என்று இருக்கிறது, அதாவது 2039-இல் முடியும். அந்த இரண்டாவது கோரிக்கை வேலை செய்கிறது.

இப்போது புதிதாகக் கடன் வாங்குபவர்களுக்கு ஒரு வசதி இருக்கிறது. 2024 அக்டோபர் முதல், கடன் தருவதற்கு முன்பே முக்கிய விவரத் தாள் ஒன்றை வங்கி கொடுக்க வேண்டும். பிராசசிங் ஃபீஸ் போன்றவற்றையும் சேர்த்த ஆண்டு வட்டி விகிதமும் தவணை அட்டவணையும் அதில் இருக்கும். விளம்பரத்தில் உள்ள வட்டியை விட்டுவிட்டு அந்தத் தாளைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். ஆனால் அதில் உள்ள அட்டவணை அன்றைய வட்டிக்குப் போட்டது. இரண்டு சதவீதம் ஏறினால் இஎம்ஐ எவ்வளவு, அதை என் சம்பளம் தாங்குமா என்று நீங்களே ஒருமுறை போட்டுப் பார்க்க வேண்டும்.

எங்களுக்கு இன்னும் ஒரு வேலை பாக்கி. ரெப்போ மேல் வங்கி வைத்த 2.70 அப்படியே இருக்கிறது, அதே வங்கி புதிதாக வருபவர்களுக்கு அரை சதவீதம் குறைத்துக் கொடுக்கிறது. சில ஆயிரம் ரூபாய் கட்டணம் கட்டினால் பழைய வாடிக்கையாளருக்கும் மாற்றித் தருவார்களாம். வேறு வங்கிக்குப் போனால் லீகல், எம்.ஓ.டி. எல்லாம் மறுபடியும் முதலிலிருந்து, அதனால் முதலில் இங்கேயே கேட்டுப் பார்க்கிறோம். அரை சதவீதம் குறைந்தால் இன்னும் எட்டுத் தவணை போகும், ஏறத்தாழ மூன்று லட்சம். மனு கொடுத்தாயிற்று. பதில் வராவிட்டால் வேறு வங்கியின் ஆஃபர் கடிதத்தோடு அடுத்த மாதம் மறுபடி போவோம்.