நீர் ஏறுவதற்குள் முடிய வேண்டிய பாட்டு

நான் எழுதிக்கொண்டிருக்கும் ஆழிவயல் உலகத்தில் இரண்டு நிலாக்கள். வருடத்தில் ஒருநாள் இரண்டும் ஒரே வரிசைக்கு வரும். அன்றைக்குக் கடல் மைல்கணக்கில் உள்வாங்கிவிடும். ஊரார் சேற்றில் நடந்துபோய், கடலடியில் இருக்கும் முன்னோர் கற்களுக்கு எண்ணெய் வைத்துவிட்டுத் திரும்ப வேண்டும். அதுவரை கரையில் நிற்பவர்கள் பாடுவதுதான் திரும்பற்பாட்டு.

திருகோணமலையில் இருந்துகொண்டு இப்படியொரு கடலை நினைப்பதே வேடிக்கை. எங்கள் துறைமுகத்தில் வற்றுக்கும் பெருக்குக்கும் ஒரு மீற்றர் வித்தியாசம்கூட வராது. கனடாவின் ஃபண்டி வளைகுடாவில் 16 மீற்றர் வரை ஏறி இறங்கும் என்று வாசித்தபோது கொஞ்சம் பொறாமையாகத்தான் இருந்தது.

கற்பனை உலகக் கதைகளில் வரும் சடங்குப் பாட்டுகள் எனக்குப் பெரும்பாலும் அலுப்பு. நாலு வரி பழம்பெருமை, நாலு வரி தீர்க்கதரிசனம். சரி, இதைப் பாடாவிட்டால் என்ன ஆகும் என்று கேட்டால் ஒன்றும் ஆகாது. என் பாட்டுக்கு ஒரு வேலை இருக்க வேண்டும் என்று பிடிவாதமாக இருந்தேன். அதுதான் அந்த ஊரின் மணிக்கூடு. பாட்டு முடிவதற்குள் கரையேறாதவர் கரையேற மாட்டார்.

ஆனால் தூரத்தில் நடப்பவருக்குச் சொல் சரியாகக் கேட்காதே? பாட்டு எந்த இடத்தில் நிற்கிறது என்று எப்படித் தெரியும்? இதற்கு விடை கோணேசர் கோயிலில் இருந்தது. சம்பந்தர் கோணமாமலைக்குப் பாடிய பதிகத்தைச் சின்ன வயதிலிருந்து கேட்கிறோம். அவர் கடல் கடந்து வரவில்லை, அக்கரையில் நின்றே பாடினார் என்பார்கள். பாட்டுக்குப் பாட்டு 'கோணமாமலை அமர்ந்தாரே' என்று வந்து நிற்கும். வாசல் கூட்டத்துக்குள் மற்றச் சொல் எதுவும் பிடிபடாவிட்டாலும் அது பிடிபடும். இன்னொன்றும் உண்டு. சம்பந்தருக்கு ஓர் ஒழுங்கு இருக்கிறது: எட்டாம் பாட்டில் பெரும்பாலும் இராவணன் வந்துவிடுவான், ஒன்பதில் திருமாலும் பிரமனும் தேடுவார்கள், பத்தில் சமணரும் தேரரும், கடைசியில் அவர் பெயர். எங்கள் பதிகத்திலும் எட்டில் இராவணன்தான். ஆகவே இராவணன் வந்தால் இன்னும் மூன்று பாட்டுத்தான். பெரியம்மா அந்த இடத்தில்தான் கற்பூரத் தட்டுக்குக் காசு எடுக்கக் கைப்பையைத் திறப்பா. அவவிடம் மணிக்கூடு கிடையாது.

அதை அப்படியே எடுத்துக்கொண்டேன். திரும்பற்பாட்டில் ஒவ்வொரு கட்டுக்கும் ஒரு கல்:

ஓயிலா ஓயிலா ஒருகல் தாண்டு
ஈரம் காயுமுன் இருகல் தாண்டு
பேரைச் சொல்லாமல் மூணுகல் தாண்டு
பின்னே பாராமல் நாலுகல் தாண்டு

'ஓயிலா'வுக்குப் பொருள் கிடையாது. தேட வேண்டாம். மெட்டுக்கு ஐந்து சுரத்துக்கு மேல் வைக்கவில்லை. பதிகத்தின் பண் புறநீர்மை, இன்று பூபாள ராகத்தில் பாடுகிறார்கள், அதிலும் ஐந்துதான். களைத்த தொண்டைக்கு அது போதும்.

தாளம்தான் பெரிய சிக்கல். நான் ஐஸ் ஆலையில் கணக்கெழுதுகிறேன். அங்கே பெட்டியோடு வரும் ஒரு ஐயா முன்பு நிலாவெளிப் பக்கம் கரையில் நின்று இழுக்கும் கரைவலைக்கு மண்டாடியாக, அதாவது இழுப்பவர்களை நடத்துபவராக, இருந்தவர். இப்போது பல இடங்களில் ட்ரக்டர் வின்ச்சில் வலை ஏறுகிறது; வலை இழுக்கும்போது பாடும் அம்பாவைப் பாட ஆளில்லை. அவரிடம் கதையைச் சொன்னேன். சிரிக்கவில்லை. நேரே குற்றம் பிடித்தார்.

“தண்ணி வாறதைக் கண்டா பாடுறவன் ஓட்டமாப் பாடுவானே, பிள்ளை? அம்பாவில அப்பிடித்தான். வலையின்ர மடி கிட்ட வந்திட்டா ஒருத்தற்ற கையும் நிக்காது.”

உண்மைதான். பாட்டு விரைந்தால் மணிக்கூடும் விரைந்து ஓடும். வெளியே நிற்பவர்கள் நேரமாகிவிட்டது என்று பதறி, சேற்றில் விழுந்து சாவார்கள். அதனால் ஆழிவயலில் பாடுபவர்கள் கடலுக்கு முதுகு காட்டித்தான் நிற்க வேண்டும் என்று விதி வைத்தேன். மகன் வெளியே நடந்துகொண்டிருக்கும் தாய்க்கு உலக்கை கொடுக்கக் கூடாது என்பது இன்னொரு விதி. தாளம் உலக்கையில் விழுகிறது. கை சோர்ந்தால் தாளம் தாழும், ஆகவே கட்டுக்குக் கட்டு ஆள் மாறுவார்கள். புனிதம் என்று ஊரார் சொல்லும் காரணங்கள் வேறு, அவை நிறைய. அவற்றை எழுதுவது சுலபம்.

ஐயா அதற்கும் விடவில்லை. “எந்தக் காத்தில வைக்கிறியள்? கடல்ல இருந்து வாடை அடிச்சா கரையில பாடுறது கடல்ல நிக்கிறவனுக்குக் கேளாது. கச்சான் காத்துக்கு வையுங்கோ. தரையில இருந்து கடலுக்கு அடிக்கும், சத்தத்தையும் கொண்டுபோகும்.”

திருவிழாவை ஆடிக்கு மாற்றிவிட்டேன். கற்களுக்கு வைக்கும் எண்ணெயையும் மாற்ற வேண்டி வந்தது, நான் எழுதியிருந்த வித்து ஆடியில் விளையாது. இப்போது எழுதிக்கொண்டிருப்பது, பாட்டு பாதியில் நிற்கும்போது காற்று வாடைக்குத் திரும்பிய வருடத்தை. அந்த அத்தியாயம் இன்னும் முடியவில்லை.