டேகல் சிறையில் இருவர்

ஆகஸ்ட் 2
ஃபிரான்ஸ் யேகர்ஷ்டெட்டரின் வாழ்க்கையைப் படித்துக்கொண்டிருக்கிறேன். ஆஸ்திரியாவின் சங்க்ட் ராடெகுண்ட் கிராமத்து விவசாயி. ஊர்க் கத்தோலிக்கத் தேவாலயத்துக்குக் கோவில்பிள்ளையும் (பூசைக்கு உதவி, கோவிலைப் பராமரிப்பவர்) அவர்தான். 1943 மார்ச்சில், ஹிட்லரின் படையில் ஆயுதம் ஏந்த மாட்டேன் என்று முகாமிலேயே சொல்லிவிட்டார். உடனே கைது.

ஆகஸ்ட் 3
மறுப்பதற்கு முன் லிண்ட்ஸ் நகரத்து ஆயரிடம் (பிஷப்) போய்க் கேட்டிருக்கிறார்: அநியாயப் போரில் கொல்லலாமா? அதை எடைபோடுவது உன் வேலையல்ல, குடும்பத்தைப் பார் என்கிற தொனியில் பதில் வந்தது. ஆயரைக் கோழை என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. மூன்று சிறு பெண் குழந்தைகளின் தகப்பனிடம் வேறு யார்தான் 'போய்ச் சாவு' என்பார்கள்? ஆனால் கேள்வி கொல்வதைப் பற்றியது. பதிலோ பிழைப்பதைப் பற்றியது. குடும்பத்தின் பெயரால் அந்த அறிவுரை சொல்லப்பட்டபோது, கூடவே லிண்ட்ஸ் வந்திருந்த மனைவி ஃபிரான்சிஸ்கா அந்த அறையில் இல்லை.

ஆகஸ்ட் 4
மருத்துவப் பிரிவில் பணியாற்ற அவர் முன்வந்திருக்கிறார். அதிகாரிகள் ஏற்கவில்லை. உயிருக்குப் பயந்து ஒதுங்கியவர் என்று இனி யாரும் சொல்ல முடியாது.

ஆகஸ்ட் 6
அந்த மே மாதம் அவரை பெர்லினின் டேகல் சிறைக்கு மாற்றினார்கள். லூதரன் போதகர் டீட்ரிக் பொன்ஹோஃபர் ஏப்ரல் முதலே அங்கே இருந்தார். அவர் தேர்ந்தது நேர் எதிர் வழி: ஹிட்லரைக் கொல்லத் திட்டமிட்டவர்களோடு சேர்ந்தார். ஒருவர் கொல்ல மறுத்தார், மற்றவர் கொலைச் சதிக்குத் துணைநின்றார். இருவர் கையிலும் அதே விவிலியம். கொடுங்கோலனைக் கொல்வதும் பாவம்தான், அந்தப் பழியைச் சுமந்தே செயல்பட வேண்டும் என்று பொன்ஹோஃபர் எண்ணினார். 'கடவுள் என் பக்கம்' என்று சொல்லித் தப்பிக்கவில்லை. அதனால்தான் அவரை நம்புகிறேன். 1945 ஏப்ரல் 9 அன்று ஃப்ளோசன்பர்க் வதைமுகாமில் தூக்கிலிட்டார்கள்.

ஆகஸ்ட் 9
1943-இல் இதே நாளில் பிராண்டன்பர்க் சிறையில் யேகர்ஷ்டெட்டரின் தலையை வெட்டினார்கள். ஃபிரான்சிஸ்கா முதலில் அவரைத் தடுத்துப் பார்த்தவர். பிறகு, தானும் கைவிட்டால் அவருக்கு யாருமே இல்லை என்று உடன் நின்றார். ஊராரில் பலர் ஃபிரான்சிஸ்கா மீதே பழி போட்டார்கள். போர் முடிந்தும் 1950 வரை விதவை ஓய்வூதியம் தரப்படவில்லை. 2007 அக்டோபர் 26 அன்று கத்தோலிக்கத் திருச்சபை ஃபிரான்ஸை அருளாளர் (புனிதர் நிலைக்கு முந்தைய படி) என அறிவித்தபோது, லிண்ட்ஸ் பேராலயத்தில் ஃபிரான்சிஸ்காவும் இருந்தார். அப்போது அவருக்கு வயது 94.