எமினோனுவில் பஸ்ஸை விட்டு இறங்கினேன்

2024 அக்டோபர் 12, சனி, இஸ்தான்புல்
காலையில் ஹாகியா சோபியா, முதலில் சர்ச், இப்போது பள்ளிவாசல். 537-லேயே கட்டி முடித்த கட்டடமாம், அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கிறது. புடவைத் தலைப்பையே தலையில் போட்டுக்கொண்டேன். நாள் முழுக்க என் வீட்டுக்காரர் பின்னாலேயே நடந்தேன். மாயவரத்தில் பேங்க்குக்குக்கூட நான் தனியாகப் போனதில்லை.

அக்டோபர் 13, ஞாயிறு, இரவு
கை இன்னும் நடுங்குகிறது, ஆனாலும் எழுதிவிடுகிறேன்.

அவருக்கு முழங்கால் வீக்கம், ரூமிலேயே இருந்துவிட்டார். நான் மட்டும் குழுவோடு எமினோனு மசாலா பஜாருக்குப் போனேன். திரும்பி பஸ்ஸில் ஏறி எண்ணினால் சேலத்து அம்மா இல்லை, எழுபது வயது. இங்கே பஸ்ஸை நிறுத்தி வைக்க முடியாது, டாக்ஸி பிடித்து வந்துவிடுவார் என்றார் கைடு. எல்லாரும் பேசாமல் இருந்தார்கள். அந்த அம்மாவின் சுகர் மாத்திரைப் பை என் மடியில் இருந்தது, காலையில் "நீ வச்சுக்க கண்ணு" என்று கொடுத்தது. எழுந்து, "நான் இறங்கறேன், கதவைத் திறங்க" என்றேன். அவ்வளவு சத்தமாக நான் பேசி நானே கேட்டதில்லை.

அந்த பஜார் 'ட' மாதிரி மடங்கி இருக்கிறது, பல வாசல்கள். ஒன்றில் நுழைந்து வேறொன்றில் வெளியே வந்தால் திசை தெரியாது. காலையில் எடுத்த போட்டோவைக் கடை கடையாகக் காட்டினேன். லோகும் மிட்டாய் விற்கும் பையன் ஒருவன் கடையை விட்டு வந்து ஒரு வாசல் வரை கூட்டிப்போனான். பக்கத்துப் பள்ளிவாசல் படிக்கட்டில், புறாக்களுக்கு நடுவே, செருப்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "வந்துட்டியா" என்று மட்டும் கேட்டார். முதலில் மாத்திரையைக் கொடுத்தேன்.

அப்புறம் டிராம். மஞ்சள் மெஷினில் கார்டு வாங்கி, ஒரே கார்டை இரண்டு தடவை வைத்து இரண்டு பேரும் உள்ளே போனோம். சிர்கெஜி, குல்ஹானே, சுல்தானாமெட். மூன்றாவது ஸ்டாப்பில் இறங்கும் வரை அந்த அம்மா என் கையை விடவில்லை.

அக்டோபர் 14, திங்கள்
"எங்கே கிளம்பற?" என்றார் அவர். கடிகோய்க்கு, கப்பலில் என்றேன். "நான் வரட்டுமா?" வேண்டாம், காலை நீட்டிப் படுங்க, மத்தியானம் வந்துவிடுவேன் என்றேன்.

ஐரோப்பாவிலிருந்து ஆசியாவுக்கு இருபது நிமிடம்தான். இடுப்பு சிறுத்த கண்ணாடி டம்ளரில் டீ, பால் கிடையாது. யாரோ எறிந்த ரொட்டித் துண்டைக் கடற்காகம் ஒன்று என் முகத்துக்கு நேரே பறந்து வந்து கவ்விக்கொண்டு போனது, நான் நகரவில்லை.

கரையில் இறங்கியதும் திரும்பிப் போகக் கார்டில் பணம் இருக்கிறதா என்று மெஷினில் வைத்துப் பார்த்தேன். இருந்தது.