எலும்பு வார்டில் ஓர் இரவு

எலும்பு முறிவு வார்டில் மனம் பேதலித்தவர்களைப் பார்ப்போம் என்று நர்சிங் படிக்கும்போது நான் நினைத்ததில்லை. பைக்கிலிருந்து விழுந்து கால் உடைந்து ஒருவர் வருவார். இரண்டு நாள் நன்றாகப் பேசுவார். அப்புறம் போர்வையில் இல்லாத எறும்பைத் தட்டிவிட ஆரம்பிப்பார்.

அப்படித்தான் ஒரு கொத்தனார். நள்ளிரவில் படுத்தபடியே வெறுங்கையால் சுவர் பூசிக்கொண்டிருந்தார். என்னைச் சித்தாள் என்று நினைத்து, "கலவையக் கொண்டாம்மா" என்றார். உடம்பெல்லாம் வியர்வை, கைநடுக்கம், நாடி 130. கொஞ்ச நேரத்தில், மூலையில் யாரோ அரிவாளோடு நிற்பதாக அலறிக் கட்டிலை விட்டு இறங்கப் பார்த்தார். "பாலத்துக்கிட்ட காத்து கருப்பு அடிச்சிருச்சு சிஸ்டர்" என்று மனைவி திருநீறு பூசினார்.

கேஸ் ஷீட்டில் குடிப்பழக்கம் 'எப்போதாவது' என்றிருந்தது. மாமனார் பக்கத்தில் நிற்கும்போது எந்த மனைவி உள்ளதைச் சொல்வார்? தனியாகக் கேட்டதும், அவருக்குக் காலையிலேயே குவார்ட்டர் வேண்டும் என்றார்.

வருடக்கணக்கில் தினமும் குடிப்பவரின் மூளையை மது அமுக்கியே வைத்திருக்கும். அதைச் சமாளிக்க மூளை தன் வேகத்தைக் கூட்டிக்கொள்ளும். குடி சட்டென்று நின்றால் அந்த வேகம் மட்டும் கட்டில்லாமல் ஓடும். 2 முதல் 4 நாளுக்குள் வரும் இந்தக் குழப்பத்துக்கு டெலிரியம் ட்ரெமன்ஸ் என்று பெயர். கவனிக்காமல் விட்டால் உயிரே போகலாம். டியூட்டி டாக்டர் வந்து மூளையை அமைதிப்படுத்தும் லோராசெபாம் ஊசியும், குளுக்கோஸ் ஏற்றும் முன்பே தயமினும் (வைட்டமின் பி1) போடச் சொன்னார்.

மருந்து வேலை செய்யும்வரை அந்த மனிதருக்கு அரிவாள் நிஜம். இல்லை என்று வாதாடினால் நம்மையும் எதிரியாகத்தான் பார்ப்பார். இருக்கிறது என்று தலையாட்டுவதும் தப்பு. "எனக்கு யாரும் தெரியலண்ணே. நீங்க பயந்திருக்கீங்க, அது தெரியுது. இது ஆஸ்பத்திரி, நான் இங்கயேதான் இருக்கேன்" என்று திரும்பத் திரும்பச் சொன்னேன். இருட்டில் நிழலெல்லாம் ஆளாகத் தெரியும் என்பதால் விளக்கை அணைக்கவில்லை. பக்கத்துக் கட்டில்காரரின் உறவுப் பையன் சிரித்துக்கொண்டே செல்போனில் படம் எடுத்தான். அதை மட்டும் என்னால் பொறுக்க முடியவில்லை. அழிக்கவைத்துவிட்டுத்தான் நகர்ந்தேன். உயிர்பயத்தில் கிடப்பவரிடம் வேடிக்கை பார்க்க என்ன இருக்கிறது?

சில நாளில் தெளிந்தார். "யாரையாவது அடிச்சிட்டேனா சிஸ்டர்?" என்பதுதான் முதல் கேள்வி. இல்லை என்றேன். மனநல மருத்துவரை வரவழைத்தோம். கால் கூடும்வரை எப்படியும் படுக்கையில்தான் இருப்பார், குடியை விடுவது பற்றிப் பேச அவகாசம் இருந்தது. அந்தப் பேச்சுக்கு மனைவியும் உட்கார்ந்தார்.