அந்தோனியோ ரெய்ஸ் வசனத்துக்குத் தமிழ் சப்டைட்டில்: முதல் பாதி முடிந்தது

மூன்றாவது தடவையாக முதலிலிருந்து ஆரம்பித்து, நேற்று ராத்திரி ஒருவழியாக முதல் பாதியை முடித்தேன். படம், போர்த்துகீசிய இயக்குநர் பாவ்லோ ரோஷா 1966-இல் எடுத்த 'முடார் டி விடா'. வாழ்க்கையை மாற்றிக்கொள்வது என்று பொருள்.

நான் இதைக் கையில் எடுத்ததே வசனத்துக்காகத்தான். எழுதியவர் அந்தோனியோ ரெய்ஸ். 1927-இல் போர்ச்சுகலின் போர்த்தோ நகருக்குத் தெற்கே வலதாரஸ் என்ற ஊரில் பிறந்த கவிஞர். இயக்குநர் ஒலிவேராவின் படம் ஒன்றில் உதவி இயக்குநராக இருந்துவிட்டு, ரோஷாவுக்கு வசனம் எழுத வந்தார். இயக்குநர் பெத்ரோ கோஸ்தாவைக் கொண்டாடுகிறவர்கள்கூட, லிஸ்பன் திரைப்படப் பள்ளியில் அவருக்குப் பாடம் எடுத்த ரெய்ஸைப் பற்றிப் பேசுவதில்லை. எனக்கு அது பெரிய மனக்குறை.

கதை நடப்பது ஒவார் பக்கத்தில் ஃபுரதோரோ கடற்கரையில். ஆப்பிரிக்கப் போருக்குப் போன அதெலினோ ஊர் திரும்புகிறான். அவன் காதலித்த ஜூலியா, கூடப்பிறந்த ரைமுந்தோவுக்கு மனைவியாகிவிட்டாள். இங்கேதான் மூன்று வாரம் மாட்டிக்கொண்டேன். போர்த்துகீசிய மொழியில் அண்ணனுக்கும் தம்பிக்கும் 'இர்மாவ்' என்ற ஒரே சொல்தான். தமிழில் யார் மூத்தவன் என்று தீர்மானிக்காமல் வாயைத் திறக்க முடியாது. ஜூலியா அண்ணி என்றால் 'நீங்க' வந்துவிடும். தம்பி பெண்டாட்டி என்றால் வேறு மாதிரி ஒதுக்கம். முதல் தடவை 'அண்ணி' என்று போட்டேன். நம் ஊர்க் குடும்பப் படம் மாதிரி ஆகிவிட்டது. இரண்டாவது தடவை எல்லா இடத்திலும் பெயரைப் போட்டேன், உயிர் போய்விட்டது.

இப்போது செய்திருப்பது இது: அதெலினோவும் ஜூலியாவும் தனியாக இருக்கும்போது இருவருக்கும் பழைய 'நீ'. பக்கத்தில் யாராவது இருந்தால் நீயும் வராது, நீங்களும் வராது. 'சாப்பாடு ஆச்சா', 'எப்ப வந்தது' என்று முன்னிலையே இல்லாமல் எழுதிவிட்டேன். சங்கடமான உறவுகளிடம் நம் வீடுகளில் இப்படித்தானே பேசுகிறோம். அந்த விலகல் சரியாக உட்கார்ந்திருக்கிறது, எனக்கு முழுத் திருப்தி.

மீன்பிடி வார்த்தைகளில் சிரமமே இல்லை. அந்தக் கரையில் அப்போது படகில் போய் வலையை வளைத்துப் போட்டு, மாடு பூட்டிக் கரைக்கு இழுத்தார்கள். அச்சு அசல் நம் கரைவலை. வலையின் பை போன்ற பகுதிக்கு மடி என்ற சொல்லும் பொருந்தியது.

அப்புறம் எழுத்துக் கணக்கு. நான் பயன்படுத்தும் மென்பொருள் ஒவ்வொரு எழுத்தின் புள்ளியையும் உயிர்க்குறியையும் தனியாக எண்ணுகிறது. 'கொண்டிருக்கிறேன்' நமக்கு 8 எழுத்து, அதற்கு 16. வரிக்கு 42 என்று வரம்பு வைத்திருந்ததால் பாதி வரிகள் நீளம் என்று சிவப்பில் வந்தன. வரம்பை 70 ஆக்கிவிட்டு, வாய்விட்டுப் படித்துப் பார்த்துத்தான் நேரம் வைக்கிறேன். தமிழில் செய்கிறவர்கள் அந்தச் சிவப்பை நம்ப வேண்டாம்.

முதலில் வாங்கிய டிஸ்க் மங்கலான பழைய பிரதி. விற்றவர் மாற்றித் தரவே மாட்டேன் என்றுவிட்டார். வாங்குவதென்றால் கோஸ்தா மேற்பார்வையில் மீட்டெடுத்த பிரதியாகப் பார்த்து வாங்குங்கள். கார்லோஸ் பரேதெஸின் கித்தார் அதில் எவ்வளவு சுத்தமாகக் கேட்கிறது! ஜூலியாவாக வரும் மரியா பர்ரோசோவின் முகமும் அதில்தான் தெளிவாகத் தெரிகிறது. அவருடைய கணவர் மாரியோ சோரெஸ் 1986-இல் போர்ச்சுகல் அதிபரானார்.

அடுத்து ரெய்ஸே இயக்கிய 'ஜைமே' (1974) செய்ய ஆசை. மனநல மருத்துவமனையில் இருந்தபடி படங்கள் வரைந்த ஒருவரைப் பற்றியது. அதற்கடுத்து மர்கரீதா கோர்தெய்ரோவுடன் சேர்ந்து எடுத்த 'த்ராஸ்-ஓஸ்-மோன்தெஸ்' (1976).

அதற்கு முன்னால் இதில் இரண்டாம் பாதி, இசபெல் ரூத் நடித்த அல்பெர்த்தினா வரும் பகுதி. அவளுக்கும் அதெலினோவுக்கும் நடுவில் முறை எதுவும் கிடையாது. நீ, நான் என்று நேராக எழுதலாம்.