நாதக்கல்: ஒரு கற்பனை உறுப்பு உருவாகும் குறிப்புகள்

ஜூன் 4, 2025

வேற்றுலக உயிரி ஒன்றுக்கு மூளைக்குள் ஓர் உறுப்பு வேண்டும். அது ஒலியை உணர வேண்டும், உணர்ந்ததைச் சேமித்தும் வைக்க வேண்டும். நம் உடம்பில் இவை தனித்தனி வேலைகள். உட்செவியில் சுருண்டு கிடக்கும் காக்லியாவின் நீளம் சுமார் 35 மில்லிமீட்டர். அதன் அடிப்பகுதி கீச்சொலிக்கும் நுனி கனத்த ஒலிக்கும் அதிர்கிறது என்று ஆராய்ந்து காட்டிய பெக்கெசிக்கு 1961-இல் நோபல் பரிசு கிடைத்தது. ஆனால் காக்லியா எதையும் வைத்துக்கொள்வதில்லை. பிரித்து நரம்பில் அனுப்பிவிட்டு அடுத்த ஒலிக்குத் தயாராகிவிடும்.

அதோடு ஒரு ஹார்ட் டிஸ்க்கை ஒட்டிவிட்டு வேற்றுலக உறுப்பு என்று சொல்ல எனக்கு மனமில்லை. கேட்பதும் பதிவதும் ஒரே செயலாக இருக்க வேண்டும்.

ஜூன் 5

கொஞ்சம் கணக்கு. சிடி தரத்தில் ஒலியை நொடிக்கு 44,100 முறை அளந்து மாதிரி எடுக்கிறார்கள், ஒவ்வொரு மாதிரியும் 16 பிட். ஒற்றைச் சேனலில் ஒரு நாள் முழுக்கப் பதிந்தால் சுமார் 7.6 ஜிகாபைட், ஒரு வருடத்துக்கு 2.8 டெராபைட் அளவுக்கு வரும். மலைக்க வைக்கும் எண் இல்லை. அப்படியானால் இடம் பிரச்சினையே இல்லை. வேண்டியதைத் தேடி எடுப்பதுதான் பெரிய பாடு.

ஜூன் 8

கேட்பதும் பதிவதும் ஒரே செயலாவது எப்படி என்பதற்கு விடை மீனிடம் இருக்கிறது!

மீனின் சதையும் தண்ணீரும் ஏறக்குறைய ஒரே அடர்த்தி. அதனால் ஒலி மீனை ஊடுருவிப் போகும்போது உடல் தண்ணீரோடு சேர்ந்தே ஆடுகிறது. உட்செவியில் இருக்கும் கால்சியம் கார்பனேட் கல் மட்டும் கனமானது, பின்தங்கி அசைகிறது. அந்த வித்தியாசத்தில் கல்லுக்கு அடியில் இருக்கும், அசைவை நரம்புக்குச் சொல்லும் மயிர்செல்கள் வளைகின்றன. மீன் கேட்பது இப்படித்தான். அதைவிட அழகான விஷயம், இந்தச் செவிக்கல் படலம் படலமாக வளர்கிறது, பல மீன்களில் நாளுக்கு ஒரு படலம். 1971-இல் பன்னெல்லா என்ற ஆய்வாளர் இதை வெளியிட்டார். இன்றும் குஞ்சுமீன்களின் வயதை நாள் கணக்கில் சொல்ல இந்தப் படலங்களை எண்ணுகிறார்கள்.

மீனின் கல்லில் ஒலி பதிவதில்லை. என் உயிரியின் கல்லில் பதியும். கல் அதிரும்போதே அதன் மேல் புதுப் படலம் படிகிறது. எங்கே எவ்வளவு தடிப்பாகப் படியும் என்பதை அந்த அதிர்வே தீர்மானிக்கிறது. இதற்கு நாதக்கல் என்று பெயர் வைத்துவிட்டேன்.

ஜூன் 9

சரி, வாழுமிடம்? வியாழனின் யுரோப்பா போன்ற ஒரு நிலவு. பனி ஓட்டுக்கு அடியில் வெளிச்சமே இல்லாத கடல். கடல்நீரில் ஒலி நொடிக்குச் சுமார் 1,500 மீட்டர் போகும், காற்றில் போவதைப் போல நான்கு மடங்குக்கும் மேல். சதையே ஒலிக்கு வழிவிடுவதால் காதுத் துளை தேவையில்லை. கல்லை மூளையின் நடுவிலேயே வைத்துவிடலாம். யுரோப்பா வியாழனைச் சுற்ற ஏறத்தாழ மூன்றரை நாள் ஆகிறது, ஒவ்வொரு சுற்றிலும் வியாழனின் ஈர்ப்பு அதன் பனியைப் பிசைகிறது. என் நிலவிலும் அப்படித்தான்: சுற்றுக்கு ஒரு முறை பனி விரிசலிடும் பேரொலி, அதுவே படலங்களுக்கு நடுவே எல்லைக்கோடு.

ஜூன் 14

நினைவுகூர்வது எப்படி என்பதில்தான் இத்தனை நாள் போயிற்று.

கல்லில் பதிந்ததை எழுப்ப ஒரே வழி அதே போன்ற அதிர்வு. பழைய குரலைப் போன்ற ஒன்று வெளியிலிருந்து வந்தால் அந்தப் படலம் ஒத்து அதிரும், நினைவு வரும். அப்படியானால் நிசப்தத்தில் இந்த உயிரிக்கு எதுவுமே ஞாபகம் வராதே? அதற்கும் கடலில் வழி இருக்கிறது. தேரைமீனின் காற்றுப்பையை ஒட்டிய தசை நொடிக்கு இருநூறு முறை வரை சுருங்கி விரிந்து ஒலி எழுப்புகிறது. அப்படியொரு தசை நாதக்கல்லுக்குப் பக்கத்தில் இருக்கட்டும். எதையாவது நினைக்க வேண்டுமானால் இந்த உயிரி உள்ளுக்குள் முனக வேண்டும்.

ஜூன் 15

நேற்று எழுதியதன் விளைவு இன்று காலைதான் உறைத்தது. உடல் ஒலிக்குத் தடையே இல்லை என்றால் உள்ளே முனகுவது வெளியேயும் கேட்கும். ஒருவர் நினைப்பது பக்கத்தில் இருப்பவருக்குத் தெரிந்துவிடும். அதோடு நிற்காது, கேட்டவரின் கல்லிலும் அது பதியும். தாய் தன் குழந்தைப் பருவத்தை நினைத்தால் பிள்ளைக்கும் அந்த நினைவு சொந்தமாகிவிடும். பொய் சொல்வது எவ்வளவு கஷ்டம்! துக்கத்தைத் தனியாக அனுபவிக்க வேண்டுமென்றால் கூட்டத்தை விட்டு வெகுதூரம் நீந்திப் போக வேண்டும், தண்ணீரில் ஒலி பாயும் தூரத்தை நினைத்தால் அதுவும் போதாது. விரிசல் பேரொலி மற்ற எல்லாவற்றையும் மூழ்கடிக்கும் நேரத்தில்தான் ரகசியமாக எதையும் நினைக்க முடியும். இந்த உயிரிகளின் அந்தரங்கம் முழுவதும் அந்தச் சில நிமிடங்களுக்குள் அடங்கியாக வேண்டும். உறுப்பைப் பற்றி யோசிக்கத் தொடங்கியது ஒரு சமூகத்தில் கொண்டுவந்து விட்டிருக்கிறது. எனக்கு இதுவே பிடித்திருக்கிறது.

ஜூன் 21

முதுமை. கல் கனக்கக் கனக்க வேகமான அதிர்வுக்கு அசையாது. வயதானவருக்குக் கீச்சொலி போய்விடும், பிள்ளைகளின் கூப்பிடு குரல் கேட்காது, பனியின் உறுமல் மட்டும் தெளிவாகக் கேட்கும். நமக்கும் வயதானால் முதலில் போவது உயர்ந்த ஒலிதான், காரணம் வேறு: மயிர்செல்கள் அழிகின்றன, பாலூட்டிகளின் காக்லியாவில் அவை மறுபடி முளைப்பதில்லை. பறவைகளுக்கு முளைக்கும்.

பிள்ளையின் குரல் கேட்காத கிழவியை உருவாக்க எனக்கு விருப்பமில்லை. பெரும்பாலான மீன்களுக்கு மூன்று ஜோடி செவிக்கற்கள் உண்டு. என் உயிரிக்கும் அப்படியே வைக்கிறேன்: இரண்டு ஜோடி வளர்ந்துகொண்டே போகும், மூன்றாவது ஜோடி பருவமடைந்ததும் வளர்வதை நிறுத்திவிடும். அது பதியாது, கேட்க மட்டும் செய்யும். அதனால் கிழவிக்குப் பேரப்பிள்ளையின் குரல் கேட்கும். ஆனால் அந்தக் கீச்சொலிக்கு வளர்ந்த கற்கள் அசையாததால், அவளுடைய நினைவில் அது தங்காது. பிள்ளை தினமும் வந்து பேச வேண்டும்.